கேட்டி மக்கேப்பை லெஃப்ட் பேக்கில் வைத்து வீணடித்துவிட்டார்களா?

பீச்சாங்கால்

லீவு கிடைத்ததும் லண்டன் ஆர்சனல் கிளப்பின் பழைய பெண்கள் கால்பந்து ஆட்டங்களை வரிசையாகப் போட்டுப் பார்த்தேன். பார்க்கப் பார்க்க வயிற்றெரிச்சல்தான் மிச்சம். அதைக் கொட்டத்தான் இந்த இழை.

கேட்டி மக்கேப்பைத் தெரியாதவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அயர்லாந்து கேப்டன், 1995-ல் பிறந்தவர். டப்ளினுக்குத் தென்மேற்கே டாலா வட்டாரத்தில் கில்னமனா என்ற இடம்தான் ஊர். வீட்டில் 11 பிள்ளைகள். அண்ணன் கேரி மக்கேப் ஷாம்ராக் ரோவர்ஸுக்கு ஆடியவர். சின்ன வயதில் கில்னமனா கிளப்பில் பையன்களோடு சேர்ந்தே ஆடி வளர்ந்த பெண். அப்புறம் ரஹீனி யுனைடெட், ஷெல்போர்ன், 2015 டிசம்பரில் ஆர்சனல்.

வந்தபோது அவர் விங்கர், ஓரமாக முன்னேறித் தாக்கும் ஆள். இடது ஓரத்தில் பந்தை வாங்கினால் எதிரணி ரைட் பேக்குக்கு அன்றைக்கு நிம்மதி போச்சு. அப்படி ஒரு இடது கால். தூரத்திலிருந்து அடிப்பார், கிராஸ் போடுவார், ஃப்ரீ கிக், கார்னர் எல்லாம் அவர்தான். அந்த ஆளைப் பிடித்துக் கொஞ்சம் கொஞ்சமாகப் பின்னால் இழுத்து லெஃப்ட் பேக், அதாவது இடது ஓரத் தடுப்பாட்டக்காரர், ஆக்கிவிட்டார்கள். ஆர்சனலில் காயம் என்றால் உடனே "கேட்டி, நீ பின்னால போ". அயர்லாந்திலும் அதே கதை.

2023 ஏப்ரலில் மான்செஸ்டர் சிட்டிக்கு எதிராக அவர் அடித்த கோலைத் தேடிப் பாருங்கள். பெட்டிக்கு வெளியிலிருந்து இடது காலால் ஒரே அடி. 2-1 வெற்றி. அப்படி அடிக்கத் தெரிந்தவரைத் தன் கோல்போஸ்ட்டுக்குப் பக்கத்தில் நிற்க வைப்பது எந்த ஊர் நியாயம்?

என் கட்சி இதுதான்: முழுக்க விங்கராக விட்டிருந்தால் இன்றைக்கு இருப்பதைவிடப் பெரிய பெயராகியிருப்பார். மறுப்பவர்கள் வரலாம்.

கன்னர் செந்தில்

வந்தாச்சு.

// முழுக்க விங்கராக விட்டிருந்தால் இன்றைக்கு இருப்பதைவிடப் பெரிய பெயராகியிருப்பார் //

2017-ஐ வசதியாக விட்டுவிட்டீர்கள். விங்கராக இருந்தபோதுதான் ஆர்சனலில் ஆட்டமே கிடைக்காமல் கிளாஸ்கோ சிட்டிக்குக் கடனாகப் போனார். அங்கே ஸ்காட்லாந்து லீக் பட்டம் வாங்கிவிட்டுத் திரும்பினார். வேகமான விங்கர்கள் எல்லா வருஷமும் வருவார்கள், போவார்கள். ஆர்சனலிலேயே பெத் மீட், கேட்லின் ஃபோர்ட், அப்புறம் க்ளோயி கெல்லி. அந்த வரிசையில் நின்றிருந்தால் பாதி ஆட்டம் பெஞ்சில்தான்.

லெஃப்ட் பேக்காக மாறிய பிறகுதான் அவரை வெளியே எடுக்க முடியாமல் போனது. 2020-21 சீசனில் ஆர்சனலின் சிறந்த ஆட்டக்காரர் விருது அவருக்குத்தான். உலகின் சிறந்த ஆட்டக்காரருக்கான பாலோன் டோர் விருதின் 2023 பட்டியலில், அந்த 30 பேரிலும் பெயர் வந்தது.

லிஸ்பனில் நடந்த சாம்பியன்ஸ் லீக் ஃபைனலையும் எடுத்துக்கொள்ளுங்கள். 2025 மே 24, பார்சிலோனா. எதிரே கரோலின் கிரகாம் ஹான்சன். உலகத்தில் எந்த லெஃப்ட் பேக்குக்கும் அதற்குமேல் ஒரு சோதனை கிடையாது. ஆர்சனல் 1-0. ஸ்டீனா பிளாக்ஸ்டீனியஸ் கோலை எல்லாரும் பேசுகிறார்கள், நியாயம்தான். ஆனால் பார்சிலோனாவுக்கு ஒரு கோல்கூட விழவில்லை என்பதில் அந்த இடது பக்கத்துக்கும் பங்கு உண்டு. கால் இறுதியில் ரியல் மாட்ரிட்டிடம் 0-2 தோற்று, இரண்டாவது ஆட்டத்தில் 3-0. அரை இறுதியில் லியோனிடம் வீட்டில் 1-2 தோற்று, அங்கே போய் 4-1. அந்த ஓட்டம் முழுக்கப் பின்வரிசையில் இடது பக்கம் யார் என்று பாருங்கள்.

வியாசர்பாடி விங்கர்

பாஸ், குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும். முதுகைக் காட்டிக்கொண்டு பந்தைத் தலைக்கு மேலே தட்டி, திரும்பி வாலி அடித்து, மெஸ்ஸி ரொனால்டோவோடு மேடையில் நின்ற அயர்லாந்துப் பெண் இவர்தானே?

ரெஃபரி ராமு

இல்லை நண்பரே, அது ஸ்டெஃபனி ரோச். 2013 அக்டோபர், பீமவுண்ட் யுனைடெட் அணிக்காக வெக்ஸ்ஃபோர்ட் யூத்ஸுக்கு எதிராக அடித்தது. மைதானத்தில் சுமார் 95 பேர் இருந்தார்களாம். டி.வி. கேமரா எல்லாம் கிடையாது. யாரோ ஓரமாக நின்று எடுத்த வீடியோ, அதுவும் லேசாக ஆடும். அந்த வீடியோதான் உலகத்தைச் சுற்றி வந்து வருஷத்தின் சிறந்த கோலுக்கான 2014 புஷ்காஷ் விருதின் கடைசி மூன்றில் போய் நின்றது. ஹாமேஸ் ரோட்ரிகஸ் 42 சதவீத ஓட்டு, ரோச் 33, வான் பெர்சி 11. உலகக் கோப்பையில் அடித்த வான் பெர்சியின் அந்தப் பறவைத் தலையடியை 95 பேர் பார்த்த கோல் முந்தியது. எனக்கு இன்றைக்கும் இது ஆச்சரியம்தான்.

ஆனால் அவருடைய மற்ற காலத்தையும் பார்க்க வேண்டும். பிரான்ஸில் அல்பி, அமெரிக்காவில் ஹூஸ்டன் டாஷ், அங்கே சில மாதங்களிலேயே கழற்றிவிட்டார்கள். அப்புறம் சண்டர்லேண்ட், பிறகு மறுபடி ஊர். போன இடமெல்லாம் "அந்த கோல் அடித்த பொண்ணு". அடுத்த ஆட்டத்திலும் அதே மாதிரி ஒன்று அடிக்க வேண்டும் என்று கூட்டம் எதிர்பார்த்தால் பாவம் என்ன செய்வார்? அந்த வகையில் மக்கேப் அதிர்ஷ்டசாலி. அவரை யாரும் ஒரே ஒரு ஆட்டத்தை வைத்து ஞாபகம் வைத்துக்கொள்வதில்லை.

டப்ளின்வாசி

ரோச் பற்றி ராமு சொன்னதில் ஒரு சின்ன ஒட்டு. அப்போது பீமவுண்ட்டுக்குக் கோச் ஐலீன் கிளீசன். பத்து வருஷம் கழித்து அயர்லாந்து தேசிய அணிக்கே கோச் ஆனார். ஊர் சின்னது, சுற்றிச் சுற்றி அதே ஆட்கள்தான்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நீங்கள் எல்லாரும் ஆர்சனல் கண்ணாடி போட்டுக்கொண்டு பேசுகிறீர்கள். இங்கே டப்ளினில் கேட்டி என்றால் கிளப் பிறகுதான். டாலா ஸ்டேடியத்தில் அயர்லாந்து ஆட்டத்துக்குப் போய்ப் பாருங்கள். 11-ம் எண் சட்டை போடாத சின்னப் பெண்ணைத் தேடிக் கண்டுபிடிக்க வேண்டும். ஆட்டம் முடிந்ததும் கம்பித் தடுப்பை ஒட்டி வரிசையாக நிற்பார்கள், கையில் மார்க்கர் பேனா, அட்டையில் "கேட்டி, உன் சட்டையைக் கொடு". மழை பெய்தாலும் நகர மாட்டார்கள். அந்த ஸ்டேடியத்திலிருந்து கில்னமனா கூப்பிடு தூரம்.

2017-ல் அப்போதைய தேசிய அணிக் கோச் கோலின் பெல் அவரைக் கேப்டன் ஆக்கியபோது வயது 21. அயர்லாந்துக்கு அதுவரை அவ்வளவு இளம் கேப்டன் இருந்ததில்லை. அதே வருஷம் ஏப்ரலில் என்ன நடந்தது என்று தெரியாமல் அந்தக் கேப்டன் பட்டையின் கனம் புரியாது.

2017 ஏப்ரல் 4. டப்ளின் நடுவில் லிபர்ட்டி ஹால் என்று ஒரு உயரக் கட்டடம், தொழிற்சங்கத் தலைமையகம். அங்கே தேசிய அணிப் பெண்கள் வந்து உட்கார்ந்தார்கள். அப்போதைய கேப்டன் எம்மா பர்ன், கூடவே ஆன்யா ஓகோர்மன், ரோச் எல்லாரும். அவர்கள் சொன்னதைக் கேட்டு ஊரே வாயடைத்துப்போனது. வெளிநாட்டு ஆட்டத்துக்குப் போகும்போது போட்டுக்கொள்ளும் டிராக்சூட் இவர்களுக்குச் சொந்தமில்லை. ஜூனியர் அணிகளோடு பங்கு. போய்விட்டுத் திரும்பியதும் விமான நிலையக் கழிப்பறையிலேயே கழற்றி மாற்றிக்கொண்டு திருப்பிக் கொடுக்க வேண்டும். வேலைக்குப் போகாமல் தேசிய அணிக்கு வந்தால் அந்தச் சம்பளம் போனது போனதுதான். சுலோவாக்கியா ஆட்டம் சில நாளில். "பேசித் தீர்க்காவிட்டால் ஆட மாட்டோம்" என்றார்கள். இரண்டு நாளில் அயர்லாந்து கால்பந்துச் சங்கம் இறங்கி வந்தது. ஆட்டத்துக்கு 300 யூரோ, பயணத்துக்குத் தனி உடை, இழந்த சம்பளத்துக்கு ஈடு.

அந்த வருஷமே எம்மா பர்ன் ஓய்வு பெற்றார். பட்டை கேட்டி கைக்கு வந்தது. 2021 ஆகஸ்டில் ஆண்கள் அணிக்கும் பெண்கள் அணிக்கும் ஒரே ஆட்டக் கட்டணம் என்று சங்கம் அறிவித்தபோது, ஆண்கள் பக்கம் ஷேமஸ் கோல்மன், பெண்கள் பக்கம் கேட்டி. ஆண்கள் தங்கள் பங்கைக் குறைத்துக்கொள்ள ஒத்துக்கொண்டார்கள், சங்கமும் அதே அளவு போட்டது. நாலு வருஷத்தில் கழிப்பறையிலிருந்து சம கட்டணம். விங்கரா பேக்கா என்பதெல்லாம் எனக்கு அப்புறம்தான்.

பீச்சாங்கால்

// விங்கரா பேக்கா என்பதெல்லாம் எனக்கு அப்புறம்தான் //

சார், நான் இழை ஆரம்பித்ததே அதற்குத்தான் :-)

கேப்டனாக அவர் செய்ததை யார் மறுத்தார்கள்? ஆனால் அயர்லாந்தில் இவருக்கு நடந்தது ஆர்சனலைவிட மோசம். கோல் அடிக்க ஆளில்லாத அணி. அடிக்கத் தெரிந்த ஒருத்தர் இவர். அவரைக் கொண்டுபோய் ஐந்து பேர் தடுப்பு வரிசையின் இடது ஓரத்தில் நிறுத்தினார் அப்போதைய கோச் வேரா பாவ். 2023 உலகக் கோப்பையில் மூன்று ஆட்டம், மொத்தம் ஒரே ஒரு கோல். அதுவும் யார் அடித்தது? எங்கிருந்து அடித்தது? கார்னர் கொடியடியிலிருந்து!

மேட்ச் பார்க்கும் மாமி

அந்த கோல்! என் பேத்தி சொல்லித்தான் இந்த ஆட்டங்களைப் பார்க்க ஆரம்பித்தேன், இப்போது அவள் பார்ப்பதில்லை, நான்தான் பார்க்கிறேன்.

2023 ஜூலை 26, பெர்த். கனடா. நாலாவது நிமிஷம். மழையில் மைதானம் பளபளவென்று இருக்கிறது. வலது பக்கக் கார்னர். இவர் இடது கால் என்பதால் பந்து கோலை நோக்கி உள்ளே வளையும். கனடா கீப்பர் கைலன் ஷெரிடன் கையை நீட்டுகிறார், பந்து யார் மேலேயும் படாமல் அப்படியே வலைக்குள்ளே. அயர்லாந்துப் பெண்கள் உலகக் கோப்பையில் அடித்த முதல் கோல். எதிரணி ஒலிம்பிக் தங்கம் வாங்கிய அணி என்பதை மறக்கக் கூடாது.

எனக்கு என்ன தோன்றியது என்றால், அவர் அடித்துவிட்டு ஓடிய ஓட்டத்தில் "இது தற்செயல்" என்ற சங்கோஜம் துளிக்கூட இல்லை. வேண்டுமென்றே அடித்த முகம்.

அப்புறம் என்ன, முதல் பாதி முடிகிற நேரத்தில் மேகன் கானலி காலில் பட்டு ஓன் கோல். இடைவேளைக்குப் பிறகு கனடா கிறிஸ்டின் சின்க்ளேரை இறக்கியது, ஆட்டமே மாறிப்போனது. 2-1. அன்றைக்கு ராத்திரிச் சாப்பாடு இறங்கவில்லை.

கன்னர் செந்தில்

மாமி சொன்னது சரி. அதற்கு முந்தைய ஆட்டத்தில் ஒரு வேடிக்கை உண்டு, அதையும் போட்டுவிடுகிறேன்.

முதல் ஆட்டம் சிட்னியில், ஆஸ்திரேலியாவோடு. டிக்கெட் கேட்டு வந்த கூட்டத்தைப் பார்த்துச் சின்ன ஸ்டேடியத்திலிருந்து பெரிய ஸ்டேடியத்துக்கே ஆட்டத்தை மாற்றினார்கள். 75,784 பேர். சாம் கெர் காயம், ஆடவில்லை. அவருக்குப் பதில் ஆஸ்திரேலியாவின் கேப்டன் ஸ்டெஃப் கேட்லி. எதிரே அயர்லாந்து கேப்டன் கேட்டி. இருவரும் ஆர்சனல். அதுவும் எப்படி ஆர்சனல்? கிளப்பில் ஒரே லெஃப்ட் பேக் இடத்துக்கு வருஷக்கணக்காக மாறி மாறி மோதியவர்கள். அன்றைக்கு ஆட்டத்தை முடித்த பெனால்டி கோலை அடித்தவர் கேட்லி.

இரண்டு வருஷம் கழித்து லிஸ்பன் ஃபைனல் பின்வரிசையைப் பாருங்கள்: எமிலி ஃபாக்ஸ், லியா வில்லியம்சன், கேட்லி, மக்கேப். கேட்லி சென்டர் பேக்குக்கு நகர்ந்துவிட்டார். போட்டியில் கடைசியில் இடத்தைப் பிடித்தது நம் ஆள். முன்னால் இடது விங்கில் ஃபோர்ட், அவரும் ஆஸ்திரேலியா. சிட்னியில் இவரைச் சுற்றி நின்ற இரண்டு பேரும் லிஸ்பனில் இவருக்கு இரண்டு பக்கமும்.

பீச்சாங்கால் அண்ணே, நீங்கள் "பின்னால் தள்ளிவிட்டார்கள்" என்கிறீர்கள். எனக்கு அது ஆஸ்திரேலிய அணியின் கேப்டன் அளவு ஆளையே நகர்த்திவிட்டுப் பிடித்த இடம்.

ரெஃபரி ராமு

நான் என் பெயருக்கு ஏற்ற புகாரைச் சொல்லிவிடுகிறேன். மஞ்சள் அட்டை! லீக்கில் மஞ்சள் அட்டை வாங்குவதில் முன்வரிசைப் பெயர் இவர். எதிரணி ஆள் தாண்டிப் போனால் சட்டையைப் பிடிப்பது, விசில் ஊதிய பிறகு பந்தைத் தூக்கிக்கொண்டு நடப்பது, லைன்ஸ்வுமனோடு வாய்ச்சண்டை. எதிரணி ரசிகர்களுக்கு இவரைக் கண்டாலே ஆகாது. அதே குணம் உள்ள ஆள் தன் அணியில் இருந்தால் "போராளி" என்போம், அது வேறு கதை.

லெஃப்ட் பேக் ஆக்கியதில் இதுவும் ஒரு சிக்கல். விங்கர் கோபப்பட்டால் அதிகபட்சம் ஒரு ஃப்ரீ கிக் போகும். தடுப்பாட்டக்காரர் 20-வது நிமிஷத்தில் மஞ்சள் வாங்கினால் மீதி 70 நிமிஷமும் அணிக்கு வயிற்றில் புளிதான்.

லண்டன் லொள்ளு

ரொம்ப நாளாகப் படிக்க மட்டும் செய்பவன், இதற்காக உள்ளே வந்தேன்.

போரம்வுட் மெடோ பார்க்கில் ஆர்சனல் பெண்கள் ஆடிய காலத்தில் அடிக்கடி போவேன். மொத்தமே சுமார் 4,500 பேர் கொள்ளும் இடம். ஓரத்துத் தடுப்பில் நின்றால் ஆட்டக்காரர் பேசுவது காதில் விழும். மக்கேப் ஓயாமல் பேசுவார். த்ரோ-இன் எடுக்கப் பந்தைச் சட்டையில் துடைத்துக்கொண்டே நடுவில் இருக்கும் ஆளிடம் "திரும்பு, திரும்பு, பின்னால ஆள்" என்று கத்துவார். பந்து அந்தப் பக்க மூலையில் இருக்கும்போதுகூட கையை நீட்டி யாரையாவது இடம் மாற்றிக்கொண்டிருப்பார். டி.வி. பந்தை மட்டும்தான் காட்டும், இதைக் காட்டாது.

ராமு அண்ணன் சொல்லும் மஞ்சள் அட்டை எல்லாம் உண்மை. ஆனால் அந்த வாய்தான் பின்வரிசையை நடத்துவது. இப்போது லீக் ஆட்டமெல்லாம் ஆர்சனலின் பெரிய ஸ்டேடியமான எமிரேட்ஸில். கூட்டம் பெரிது, சத்தம் பெரிது, அவர் என்ன கத்துகிறார் என்று தெரிவதில்லை.

2022-23 சீசனையும் சொல்ல வேண்டும். மீட், மீடெமா, வில்லியம்சன் என்று வரிசையாக முட்டித் தசைநார் கிழிந்து வெளியே போனார்கள். இருக்கிற ஆட்களை வைத்துத்தான் சாம்பியன்ஸ் லீக் அரை இறுதி வரை வந்தார்கள். வுல்ஃப்ஸ்பர்க்கோடு எமிரேட்ஸில் 60,063 பேர் முன்னால் கூடுதல் நேரத்தில் தோற்றார்கள். அந்த சீசனில் எந்த வாரம் எந்த இடத்தில் ஓட்டை விழுந்தாலும் கேட்டிதான் அடைப்பு. ஜனவரியில் செல்சி அவரைக் கேட்டு வந்தது, ஆர்சனல் கொடுக்க மறுத்துவிட்டது என்று அப்போதே செய்தி. கொடுத்திருந்தால் அந்த வருஷம் ஆட 11 பேர் தேறியிருப்பார்களா என்று சந்தேகம்.

வியாசர்பாடி விங்கர்

விக்கிப்பீடியாவில் மேய்ந்துவிட்டு வந்தேன். அப்போ சாம்பியன்ஸ் லீக் ஜெயித்த முதல் அயர்லாந்துப் பெண் இவர்தானா?

டப்ளின்வாசி

இல்லவே இல்லை. 2007-ல் ஆர்சனல் ஐரோப்பியக் கோப்பை வாங்கியபோது (அப்போது அதற்கு யூஈஎஃப்ஏ பெண்கள் கோப்பை என்று பெயர்) கோலில் நின்றவரே எம்மா பர்ன். கூட கியாரா கிரான்ட், இவான் ட்ரேசி. மூவரும் அயர்லாந்து. அதாவது ஆர்சனல் வாங்கிய இரண்டு ஐரோப்பியக் கோப்பையிலும் நம்மூர் ஆள் உண்டு. "நம்மூர்" என்று எழுதிவிட்டேன் பாருங்கள், இங்கே வந்து இத்தனை வருஷம் ஆனால் அப்படித்தான்.

அதற்கும் முன்னால் ஒருவர் இருக்கிறார். ஆன் ஓ'பிரையன். டப்ளின் இன்சிகோர். லீட்ஸ் யுனைடெட்டுக்கு ஆடிய ஜானி ஜைல்ஸுக்குச் சொந்தக்காரர். பிரான்ஸின் ரெய்ம்ஸ் அணி 1973-ல் இங்கே ஆட வந்தபோது 17 வயதுப் பெண்ணின் ஆட்டத்தைப் பார்த்துக் கையோடு அழைத்துக்கொண்டு போனார்கள். 1976-ல் அங்கிருந்து ரோம், லாட்சியோ. இத்தாலியிலேயே சுமார் 18 வருஷம், ஏகப்பட்ட லீக் பட்டங்கள். ஆனால் அயர்லாந்துக்கு ஆடியது விரல்விட்டு எண்ணக்கூடிய ஆட்டங்கள்தான். 2016-ல் இறந்தபோது இங்கே பாதிப்பேருக்கு அவர் யார் என்றே தெரியாது. கேட்டிக்குச் சுவரில் ஓவியம், விளம்பரம் என்று எல்லாம் வரும் காலத்தில் ஓ'பிரையனின் ஆட்டத்தைப் பார்க்க நாலு வீடியோ துண்டுகூட ஒழுங்காகக் கிடைக்காது.

பீச்சாங்கால்

ஓ'பிரையனுக்குத் தனி இழையே போடலாம் டப்ளின் சார், போடுங்கள்.

இங்கே என் கேள்விக்கு வருகிறேன், விட மாட்டேன். நைஜீரியா ஆட்டம் ஞாபகம் இருக்கிறதா? பிரிஸ்பேன், 0-0. அயர்லாந்து ஏற்கெனவே வெளியே. ஆட்டத்தின் நடுவில் கேட்டி ஓரத்துக்கு ஓடி வந்து புது ஆளை இறக்கச் சொல்கிறார். பாவ் மறுக்கிறார். சரி, கோச் முடிவு. ஆனால் ஆட்டம் முடிந்து பத்திரிகையாளர் முன்னால் உட்கார்ந்து "கேட்டி கேட்டால் மாற்றிவிட வேண்டுமா" என்கிற தொனியில் போட்டு உடைத்தார். கேட்டி ட்விட்டரில் ஒரு வார்த்தை எழுதவில்லை. வாய்க்கு ஜிப் போட்ட பொம்மை ஒன்று, அவ்வளவுதான். அடுத்த மாதமே பாவின் ஒப்பந்தம் நீட்டிக்கப்படவில்லை.

முன்னால் போய் ஆட வேண்டும் என்று துடித்த ஆளைக் கட்டிப்போட்டால் இப்படித்தான் வெடிக்கும்.

டப்ளின்வாசி

பாவை இப்படி ஒரே வரியில் முடித்துவிடக் கூடாது. எனக்கும் அவருடைய ஆட்டமுறை பிடிக்காது, தூங்கிவிடுவேன். ஆனால் அயர்லாந்து பெண்களை உலகக் கோப்பைக்குக் கொண்டுபோன ஒரே கோச் அவர்தான்.

அதற்கு முன்னால் 2020 அக்டோபர், கீவ். உக்ரைனிடம் ஒரு ஓன் கோலில் 0-1. ஐரோப்பிய நாடுகள் மோதும் யூரோ 2022 போட்டிக்குப் போகும் வாய்ப்புக்கு அது பெரிய அடி. பெனால்டி கிடைத்தது, கேட்டி அடித்தார், பந்து மேல்கம்பியில் பட்டுத் திரும்பியது. அதே கோச், அதே கேப்டன் அதிலிருந்து எழுந்துதான் வந்தார்கள். 2022 ஏப்ரலில் கோதன்பர்க்கில் சுவீடனோடு 1-1. அயர்லாந்து கோல் கேட்டியுடையது, வழியில் ஒரு காலில் பட்டுத் திசை மாறியதுதான், இருந்தாலும் கோல் கோல்தான். செப்டம்பரில் டாலாவில் ஃபின்லாந்தை 1-0, லில்லி ஆக். அக்டோபர் 11, கிளாஸ்கோ ஹாம்ப்டன் பார்க். ஸ்காட்லாந்தின் கரோலின் வியர் பெனால்டியை கோர்ட்னி ப்ராஸ்னன் தடுத்தார். 72-வது நிமிஷம், டெனிஸ் ஓ'சலிவன் பாஸ், ஆம்பர் பாரட் ஓடிப்போய் அடித்தார். அடித்துவிட்டுக் கையில் கட்டியிருந்த கறுப்புப் பட்டையைத் தொட்டார். நாலு நாள் முன்னால் அவருடைய டோனிகால் மாவட்டத்தில் க்ரீஸ்லா கிராமத்து பெட்ரோல் பங்க் வெடித்து 10 பேர் இறந்திருந்தார்கள். அன்றைக்கு இந்த நாட்டில் கண் கலங்காமல் டி.வி. பார்த்தவர் குறைவு.

பிறகு உடைமாற்றும் அறையில் ஐ.ஆர்.ஏ. என்ற ஆயுதக் குழுவைப் புகழும் கோஷத்தைப் பாடி, அது வீடியோவாக வெளியே வந்து, மன்னிப்பு, 20,000 யூரோ அபராதம் என்று அசிங்கமானதும் அதே ராத்திரிதான். அதையும் சொல்லாமல் விட்டால் ஒருதலைப் பட்சமாகிவிடும்.

மேட்ச் பார்க்கும் மாமி

கொலம்பியா ஆட்டத்தை யாரும் சொல்லவில்லையே. உலகக் கோப்பைக்குச் சில நாள் முன்னால் பயிற்சி ஆட்டம். அவர்கள் உதைத்த உதையில் 20 நிமிஷத்திலேயே ஆட்டத்தை நிறுத்திவிட்டார்கள். ஓ'சலிவனை ஆஸ்பத்திரிக்கு அழைத்துப்போனார்கள். ராமு சாருக்கு அந்த ஆட்டத்துக்கு விசில் கொடுத்திருக்க வேண்டும்.

ரெஃபரி ராமு

மாமி, எனக்கு உயிர் மேல் ஆசை உண்டு.

கன்னர் செந்தில்

பாவ் போன பிறகு என்ன ஆயிற்று என்பதையும் கணக்கில் எடுக்க வேண்டும். கிளீசன் வந்தார். 2023 செப்டம்பரில் டப்ளினின் அவீவா ஸ்டேடியத்தில் முதல்முறையாகப் பெண்கள் ஆட்டம், வடக்கு அயர்லாந்தை 3-0, 35,944 பேர். அடுத்த மாதம் அல்பேனியாவை 5-1, அதில் கேட்டி ஹாட்ரிக். எல்லாரும் "பார்த்தீர்களா, கட்டை அவிழ்த்துவிட்டார்கள்" என்று ஆடினார்கள்.

// முன்னால் போய் ஆட வேண்டும் என்று துடித்த ஆளைக் கட்டிப்போட்டால் //

அப்புறம் யூரோ 2025 தகுதிச் சுற்றில் பிரான்ஸ், இங்கிலாந்து, சுவீடன் குழு. முதல் ஐந்து ஆட்டமும் தோல்வி, அடித்தது ஒரே ஒரு கோல். கடைசி ஆட்டத்தில் கார்க்கில் பிரான்ஸை 3-1 அடித்தது அருமை, இல்லை என்று சொல்லவில்லை. பிளே-ஆஃபில் வேல்ஸ். கார்டிஃப்பில் 1-1, அவீவாவில் 1-2. முடிந்தது கதை. கட்டை அவிழ்த்துவிட்டும் யூரோவுக்குப் போகவில்லை. அதனால் பிரச்சினை கேட்டி நிற்கும் இடத்தில் இல்லை. அந்த அணிக்குக் கேட்டி மாதிரி இன்னும் மூன்று பேர் வேண்டும். ஒருத்தரே கார்னரும் எடுத்து, அதைத் தலையால் முட்டவும் ஓட முடியாது.

பீச்சாங்கால்

பெர்த்தில் யாரும் முட்டாமலேயே உள்ளே போனதே!

செந்தில், நீங்கள் சொன்னது எனக்குத்தான் சாதகம். நாலு பேர் செய்ய வேண்டியதை ஒருத்தர் செய்கிறார் என்றால், அவரை எந்த வேலையில் வைத்தால் அதிக லாபம் என்று பார்க்க வேண்டும். தடுப்பாட்டம் சொல்லிக்கொடுத்து வரவழைக்கலாம். 25 கெஜத்திலிருந்து மேல் மூலையில் அடிக்கும் காலை யாரும் சொல்லிக்கொடுத்து வரவழைக்க முடியாது.

லண்டன் லொள்ளு

அந்தக் காலை வைத்துக்கொண்டு பின்னாலிருந்து 40 கெஜம் குறுக்கே பாஸ் போடுவதைப் பார்த்திருக்கிறீர்களா? வலது விங்கில் நிற்பவர் காலடியில் வந்து விழும். விங்கில் நின்றால் அந்த பாஸ் போட இடமே கிடைக்காது, ஓரக்கோடு ஒரு பக்கம், இரண்டு ஆள் மேலே. பின்னால் நிற்கும்போதுதான் மைதானம் முழுக்க அவர் எதிரே விரிந்து கிடக்கிறது.

வியாசர்பாடி விங்கர்

எங்கள் ஏரியாவில் இடது கால் ஆள் கிடைத்தால் கோச் முதலில் கேட்பதே "லெஃப்ட் பேக் ஆடுறியா" என்றுதான். யாருக்கும் பிடிக்காது. எனக்கும் பிடிக்கவில்லை, அதனால்தான் பெயரே இப்படி. இந்த இழையில் என் ஓட்டு பீச்சாங்கால் அண்ணனுக்கு.

ரெஃபரி ராமு

ஓட்டெடுப்பு வைத்தால் நான் மூன்றாவது கட்சி: மிட்ஃபீல்டில் இடது பக்கம். தாண்டிப் போகும் ஆளைச் சட்டையைப் பிடித்தாலும் பெட்டிக்கு ரொம்ப தூரத்தில் இருப்பார், பெனால்டி கிடையாது.

கன்னர் செந்தில்

பெனால்டிக்குப் பயந்து ஆளை இடம் மாற்றும் ஒரே கோச் நீங்களாகத்தான் இருக்கும் ராமு.

பீச்சாங்கால் அண்ணே, அந்த லியோன் 4-1 ஆட்டத்தை முழுசாகப் போட்டுப் பாருங்கள், ஹைலைட்ஸ் வேண்டாம். பார்த்துவிட்டு வாருங்கள், பேசுவோம்.